எதிர்வீட்டுச் சிணுங்கி

இப்படி வா தாயி, இந்தப் பக்கமா உக்காரு. அந்த ஓரத்துல காத்து மூஞ்சியில அடிக்கும். இந்தக் கயித்துத் தொட்டில் கிளம்புறப்ப ஒரு குலுக்கு குலுக்கும், பயந்துறாத. கம்பியப் புடிச்சுக்க, கீழ மட்டும் பாக்காத. நான் கல்யாணமாகி வந்த நாள்லருந்து இதுல ஏறி எறங்குறேன், ஒரு நாளும் கீழ பாத்ததில்ல. பாத்தவங்க யாரும் நல்லா இருந்துச்சுன்னு சொன்னதுமில்ல.

கீழ்நாட்டுக்காரியா? பேச்சுலயே தெரியுது. ரெண்டு சூரியனும் ஒண்ணு பின்னால ஒண்ணா மலைக்குள்ள அடையிறதப் பாக்க வந்திருப்ப. எல்லாரும் அதுக்குத்தான் வாராங்க. பெரிய பொழுது முதல்ல, சின்னப் பொழுது பின்னாடின்னு வாயப் பொளந்து பாத்துட்டுப் போறாங்க. எங்களுக்கு அந்த நேரம் அடுப்படி வேலை. நான் அதைப் பாத்தே பன்னெண்டு வருசம் இருக்கும்.

நானும் கீழ்நாட்டுக்குத்தான் போறேன். உப்புத்துறைக்கு. அங்க என் ஓரகத்தி இருக்கா, தையல்நாயகின்னு பேரு. என் வீட்டுக்காரரோட தம்பி பொண்டாட்டி. அவகிட்ட ஒரே ஒரு கேள்வி கேக்கணும். கேட்டுட்டு அடுத்த தொட்டில்லயே திரும்பிருவேன். தண்ணி கூடக் குடிக்கப் போறதில்ல. குடுத்தா வேண்டாம்னு சொல்லணும்னு வீட்டுலருந்தே குடிச்சுட்டு வந்திருக்கேன்.

என்ன கேள்வியா? சொல்றேன், அதுக்கு முன்னாடி உனக்குச் சிணுங்கி தெரியணும். எங்க ஊர்ல வாசலுக்கு வாசல் ஒரு கண்ணாடிச் சாடி தொங்குச்சே, பாத்தியா? உள்ள பனிப்புகை, அடியில மெழுகுத் தகடு. விளக்குன்னு நினைச்சியா? கீழ்நாட்டுக்காரங்க எல்லாரும் அப்படித்தான் நினைக்கிறாங்க. விளக்கில்ல தாயி. அது சிணுங்கிக்கு.

பொருளுக்குள்ள அணு இருக்குல்ல, அணுவுக்குள்ள இன்னும் பொடிசா என்னென்னமோ இருக்காமே, அதுங்கள்லயே கடைக்குட்டி இந்தச் சிணுங்கி. கண்ணுக்குத் தெரியாது, கையில சிக்காது. சுவரு, மலை, மனுசன் எதையும் மதிக்காம உள்ள பூந்து போகும். ஆனா எங்க ஊரு பனிப்புகைக்குள்ள வந்தா மட்டும் ஒரு நொடி மாட்டிக்கும். மாட்டினதும் ஒரு நீலக் கோடு, ‘ங்ஙீ’ன்னு ஒரு சத்தம். கொசு காதுகிட்ட வந்துட்டுப் போற மாதிரி. அதான் பேரு. படிச்சவங்க அதுக்கு வேற என்னமோ பேரு வெச்சிருக்காங்க, வாயில நுழையாது.

கோடு மறைஞ்சுரும், ஆனா மெழுகுல கீறல் நிக்கும். மாசத்துக்கு ஒரு தடவை கோட்டுக்காரர் வருவாரு. மாசிலாமணின்னு, அளவைக் கூடத்து ஆளு. தகடை உருவி, கீறலை எண்ணி, பலகையில எழுதிட்டு, மெழுகை உருக்கித் திரும்ப வழவழன்னு ஆக்கிட்டுப் போவாரு. கோடு நிறைய விழுற வீடு நல்ல வீடு. அடுப்பு சுத்தம், மனசு சுத்தம், மருமக லெச்சணம். பொண்ணு குடுக்குறவங்க வீட்டுக்குள்ள வர மாட்டாங்க, வாசல்ல நின்னு சாடியத்தான் பாப்பாங்க. மூணு மாசம் சேந்தாப்புல ஒரு கோடு கூட விழலேன்னு வையி, சாடிய இறக்கிருவாங்க. சாடி இறக்குன வீடுன்னா அப்புறம் யாரும் படி ஏற மாட்டாங்க. விசேசத்துக்குப் போனா கடைசிப் பந்தி. கோயில் தேரு அந்த வாசல்ல நிக்காது.

எங்க வீட்டுல அண்ணன் தம்பி ரெண்டு பேரும் ஒண்ணா இருந்தப்ப மாசம் ஆறு, ஏழு கோடு விழும். ஊருக்கு நடுத்தரம். நான் மூத்த மருமக. சாடியத் துடைக்கிறது நான், கோட்டுக்காரருக்கு மோரு குடுக்குறது நான். அப்ப அந்த ஏழு கோடும் யாரால விழுந்தது? நீயே சொல்லு. எனக்கு அதுல ஒரு நாளும் சந்தேகம் வந்ததில்ல.

அப்புறம் வீடு பிரிஞ்சுச்சு. நான் பிரிக்கல. ஊர்ல நான்தான் பிரிச்சேன்னு சொல்லுவாங்க, நம்பாத. ஒரு நாள் குழம்பை நான் வெச்சேன், அவ ரசம் வெச்சா. எங்க வீட்டுக்காரரு, ஆண்டியப்பன்னு பேரு, வாயே தொறக்காத மனுசன், அன்னிக்குன்னு பாத்து ‘ரசம் இன்னும் கொஞ்சம் ஊத்து’ன்னுட்டாரு. எனக்கு ஒண்ணுமில்ல. நான் பாட்டுக்கு எந்திரிச்சுப் போயி குழம்புச் சட்டிய மாட்டுத் தொட்டியில கவுத்தேன், அவ்வளவுதான். பத்து நாள்ல கொழுந்தன் எதிர் வீட்டப் பாத்துக் குடி போயிட்டாரு. நான் பிரிச்சேனா இதுல?

எதிர்வீடுன்னா நேர் எதிர். என் சன்னல்லருந்து அவ வாசல், அவ அடுப்படி, அவ கொடியில காயிற சீலை எல்லாம் தெரியும். அவளுக்குப் புதுச் சாடி குடுத்தாங்க. முதல் மாசம் கோட்டுக்காரர் வந்தாரு. அவளுக்கு ஒம்போது. எனக்கு ஒண்ணுமில்ல.

‘வீடு பிரிஞ்ச மாசம் அப்படித்தான் இருக்கும்மா’ன்னு மாசிலாமணி சொன்னாரு. அந்த மோரையும் குடிச்சுட்டுத்தான் சொன்னாரு.

ரெண்டாம் மாசம் அவளுக்கு இருவது. எனக்கு ஒண்ணுமில்ல.

எனக்கு என்ன பொறாமையா? சேச்சே. பொறாமைப்பட அவகிட்ட என்ன இருக்கு? ரெண்டு புள்ளைக இருக்கு, சரி. எங்களுக்கு இல்ல, அது எங்க விதி, அதை நான் பேசறதில்ல. முடி கொஞ்சம் நீளம். சிரிச்சா தெருக்கோடி வரைக்கும் கேக்கும், அது ஒரு அழகா? தோசை வார்த்தான்னா ஓரம் மட்டும் செவந்து நடுவுல வெள்ளையா வரும், அதெப்படி வருதுன்னு நான் சன்னல்ல நின்னு பாத்திருக்கேன். பாத்தேன்னா சும்மா பாத்தேன். என் கல்லுல தோசை கருகுனது அதனால இல்ல.

கோடு விழுறதுக்கு அவ ஏதாவது பண்ணுறாளான்னுதான் நான் கவனிச்சேன். ஒரு பெரிய மனுசின்னு இருந்தா கவனிக்கணுமா இல்லையா? காலையில அவ எந்திரிக்கிறதுக்கு முன்னாடி நான் சன்னலுக்கு வந்துருவேன். கோலம் போடுவா, பாப்பேன். புள்ளைக்குத் தலை பின்னுவா, பாப்பேன். என்ன குழம்புன்னு வாசத்துலயே சொல்லிருவேன். அவ புருசன் பூ வாங்கியாந்தா எத்தனை முழம்னு எனக்குத் தெரியும். அந்தச் சாடி ‘ங்ஙீ’ன்னும். கொஞ்ச நேரத்துல திரும்ப ‘ங்ஙீ’ன்னும். ஒவ்வொரு தடவையும் விரல மடக்கி எண்ணிக்குவேன். நான் பாக்கப் பாக்க அது கத்தும். பாக்காம இருந்தா கத்துதான்னு பாக்க முடியாதே, அதனால பாத்துக்கிட்டே இருந்தேன்.

மூணாம் மாசம் பாதி ஓடிருச்சு. என் சாடியில மெழுகு கண்ணாடி மாதிரி மின்னுது. இன்னும் பதினஞ்சு நாள்ல இறக்கிருவாங்க. தூக்கமில்ல. அப்பதான் எனக்கு ஒரு யோசனை வந்துச்சு. சாடியிலதான் கோளாறு! நல்ல சாடிய அவளுக்குக் குடுத்துட்டாங்க, எனக்குப் பழசு. அது நியாயமில்லையே.

தெப்பத் திருநாளுக்கு ஊரே சுனைக்குப் போயிருச்சு. நான் தலைவலின்னு படுத்துட்டேன். தெரு காலியானதும் ஸ்டூலத் தூக்கிட்டுப் போனேன். அவ சாடிய எடுத்து என் வாசல்ல மாட்டினேன், என் சாடிய அவ வாசல்ல மாட்டினேன். தகடை மட்டும் உருவி அதது பழைய வாசல்லயே போட்டுட்டேன், கீறலப் பாத்தா தெரிஞ்சு போயிருமே. திருட்டில்ல தாயி. ஒண்ண எடுத்து ஒண்ண வெச்சா அது எப்படித் திருட்டாகும்? மாத்தி மாட்டுனதும் நடு வீட்டுல ஒக்காந்து காதைத் தீட்டிக்கிட்டு இருந்தேன். அவங்க சுனையிலருந்து வந்தாங்க. தையலு ஈரத் தலையோட வாசல்ல நின்னு முடியத் தட்டினா. நான் சன்னலுக்கு வந்தேன்.

‘ங்ஙீ.’

எங்க? அங்க! அவ வாசல்லதான். என் சாடி, பத்து வருசம் என் கையால துடைச்ச சாடி, அவ வாசலுக்குப் போன அன்னிக்கே அவளுக்குப் பாடுது. அவளோட சாடி என் வாசலுக்கு வந்ததும் ஊமையாயிருச்சு. அன்னிக்கு நான் அழுதேன். பொய் சொல்லல, சீலைத் தலைப்ப வாயில வெச்சு அழுதேன்.

அதுக்கப்புறம் எனக்கு உறுதியாப் போச்சு. இவ இழுக்குறா. எனக்கு வரவேண்டிய சிணுங்கிய என் வாசல்லருந்து இழுத்துக்கிட்டுப் போறா. நேரா அளவைக் கூடத்துக்குப் போயி மனு குடுத்துட்டேன். ‘என் வீட்டுச் சிணுங்கி எதிர் வீட்டுக்குக் கடத்தப்படுகிறது, தகுந்த நடவடிக்கை எடுக்கணும்’னு. எழுதிக் குடுத்தவன் சிரிச்சான். அவன் பொண்டாட்டிக்கு ஓரகத்தி இல்ல போல.

மாசிலாமணி ரெண்டு ஆளோட வந்தாரு. நல்ல பகல், ரெண்டு பொழுதும் உச்சியில. தெரு நடுவுல ஒரு மேசையப் போட்டாரு. தெரு சனம் மொத்தமும் கூடிருச்சு. நான் புதுச் சீலை கட்டியிருந்தேன், நியாயம் கிடைக்கப் போற நாளாச்சே. எங்க வீட்டுக்காரரு மட்டும் தூணுக்குப் பின்னாடி நின்னாரு.

சாடி ரெண்டையும் இறக்கி மேசையில வெச்சதும் மாசிலாமணி அடியத் தடவிப் பாத்துட்டு நிமிந்தாரு. ‘ஏம்மா, இது அந்த வீட்டுச் சாடி. அது இந்த வீட்டுச் சாடி. அடியில வீட்டு அடையாளம் கொத்தியிருக்கோம். எப்படி மாறுச்சு?’

எனக்கு அந்த அடையாளம் விசயமே தெரியாது. பத்து வருசமா துடைச்சேன், மேலதான துடைச்சேன். தெருவே என்னப் பாக்குது.

தையலு முன்னாடி வந்தா. ‘நான்தாங்க. திருநாளுக்குக் கழுவ அக்கா சாடியையும் சேத்து எடுத்தேன். மாத்தி மாட்டிட்டேன் போலருக்கு. என் மேல தப்பு.’

பாத்தியா? எவ்வளவு ஏத்தம் பாத்தியா அவளுக்கு! அவளுக்குத் தெரியும் நான்தான் மாத்தினேன்னு. அத்தனை பேரு முன்னாடி என்னக் காப்பாத்துறாளாம். அந்த இடத்துல அவ என்னக் காட்டிக் குடுத்திருந்தா எனக்கு நிம்மதியா இருந்திருக்கும். இவ நல்லவ ஆகுறதுக்கு நான்தான் கிடைச்சேனா?

அப்புறம் அவ வாசல்ல தொங்குன தகடை உருவினாங்க. நாப்பத்து மூணு கோடு. ‘ஒவ்வொரு கோட்டுக்கும் தலை வால் இருக்கும்மா’ன்னு ஒரு பூதக்கண்ணாடியக் குடுத்தாரு. ‘வந்த பக்கம் வால், மெலிசா இருக்கும். போற பக்கம் தலை, தடிப்பா இருக்கும்.’ பொறந்ததுலருந்து சாடியோட வாழுறோம், எங்கள்ல ஒருத்தரும் தலை வால் பாத்ததில்ல. எத்தனைன்னுதான் பாப்போம். வானத்துலருந்து வருதுன்னுதான எல்லாரும் இருந்தோம்.

தகடைத் தொங்குன திசைக்குத் திருப்பி வெச்சாரு. பாத்தா, நாப்பத்து மூணுல நாப்பத்தோரு கோட்டுக்கும் வால் என் வீட்டுப் பக்கம். என் சன்னல் பக்கம். ஒண்ணு கூட விலகல. மிச்சம் ரெண்டு எங்கிட்டோ மலை மேலருந்து, அவ அம்மா வீட்டுப் பக்கம்.

‘பாத்தீங்களா!’ன்னு கத்திட்டேன். ‘என் வீட்டுலருந்துதான் போகுது! இழுத்திருக்கா! நான் சொன்னேன்ல!’

மாசிலாமணி மூக்குக் கண்ணாடியக் கழட்டித் துடைச்சாரு. ‘சிணுங்கிய யாராலயும் இழுக்க முடியாதும்மா. அது தானாக் கிளம்புறது. ஒருத்தர் இன்னொருத்தர மனசு விட்டுப் போகாம நினைச்சா, நினைக்கிறவங்ககிட்டருந்து கிளம்பி நினைக்கப்படுறவங்ககிட்ட போகும். ஒரே கூரைக்குள்ள இருந்தா சாடியில விழாது, வாசல் தாண்டணும். ஏட்டுலயே எழுதியிருக்கு. இதுவரைக்கும் யாரும் கேட்டதில்ல, நானும் சொன்னதில்ல.’

எனக்குக் காது ரெண்டும் சூடாயிருச்சு. இப்ப எல்லாரும் சிரிக்கப் போறாங்க, இத்தோட நான் செத்தேன்னு நினைச்சேன். சிரிக்கல தாயி. அதைவிட மோசம். மேலத்தெரு வள்ளியம்மை மூக்க உறிஞ்சினா. ‘ஓரகத்தி மேல இப்படி ஒரு உசுரா வெச்சிருக்கா வடிவு! வெளியில காட்டிக்காம!’ன்னா. ஒடனே எல்லாரும் ஆரம்பிச்சுட்டாங்க. மூத்தவன்னா இப்படி இருக்கணும், கூடப் பொறந்தவ கூட இப்படி நினைக்க மாட்டா. செண்பகவடிவுங்கிற என் பேரு அன்னிக்குத் தெருவெல்லாம் மணந்துச்சு.

நான் என்ன சொல்லுறது? இல்ல, நான் அவள வயித்தெரிச்சலோட நினைச்சேன்னு சொல்லுறதா? வயித்தெரிச்சலும் இல்லியே, சும்மா கவனிச்சதுதான! தையலு ஓடி வந்து என்னக் கட்டிக்கிட்டா. அழுகுறா. தலையில தேங்கா எண்ணெ வாசம். ‘அக்கா, எனக்குத் தெரியாமப் போச்சே அக்கா’ங்குறா. நானும் அவ முதுகத் தட்டிக் குடுத்தேன். வேற என்ன பண்ணுறது, அத்தனை பேரு பாக்குறாங்க.

அப்பதான் எனக்கு ஒண்ணு தோணுச்சு. தட்டிக்கிட்டிருந்த கைய நிறுத்திட்டேன். ‘இருங்க, மாசிலாமணி. எங்கிட்டருந்து அவளுக்கு நாப்பத்தொண்ணு. சரி. அவகிட்டருந்து எனக்கு?’

அவரு என் வாசல் தகடை எடுத்து வெயில்ல சாய்ச்சுக் காமிச்சாரு. வழவழன்னு இருந்துச்சு. மூணு மாசத்துல ஒரு கோடு இல்ல.

தையலு கண்ணத் துடைச்சுக்கிட்டே சொன்னா, ‘அதுக்கென்னக்கா, நீங்கதான் எதிர்லயே இருக்கீங்களே. தனியா வேற எதுக்கு நினைக்கணும்?’

கேட்டியா தாயி அந்தப் பேச்ச? நான் இவ தோசை ஓரத்துலருந்து இவ புருசன் வாங்குன பூ வரைக்கும் மனசுல தூக்கிச் சுமந்திருக்கேன். இவ என்னைய ஒரு தடவ, ஒரு தடவ கூட நினைக்கல. ஒரு கோபம்? ஒரு எரிச்சல்? குழம்புச் சட்டியக் கவுத்தாளேன்னு ஒரு ஆத்திரம்? ஒண்ணுமில்ல. ராத்திரி படுத்ததும் தூங்கியிருக்கா. என்னப் பத்திப் பொறாமைப்படவாவது என்கிட்ட ஒண்ணு இல்லாமப் போச்சா? அன்னிக்கு எரிஞ்சது பாரு, அதுக்கு முன்னாடி எரிஞ்சதெல்லாம் ஒண்ணுமேயில்ல.

மனு குடுத்ததுனால என் சாடிக்கு இன்னொரு மூணு மாசம் தவணை குடுத்தாங்க. இப்பத்தான் விசயம் தெரிஞ்சு போச்சே, என்னைய யாராவது நினைக்கணும், அவ்வளவுதான். அன்னிக்குச் சாயங்காலம் எங்க வீட்டுக்காரரப் புடிச்சேன். அவரு வேலை இந்தக் கயித்துலதான். நடுக் கப்பியில, இன்னும் கொஞ்ச நேரத்துல தாண்டுவோம் பாரு, அங்க கப்பிய ஓட்டுறவரு. காலையில போனா பொழுதடையத்தான் வருவாரு.

‘ஏங்க, பகல் பூரா வாசல் தாண்டித்தான இருக்கீங்க? இத்தனை வருசத்துல என்னைய ஒரு தடவ கூட நினைக்கலியா?’

தலையக் குனிஞ்சுக்கிட்டாரு. ‘கப்பி மேல கண்ணு இருக்கணும் வடிவு. வேற நினைப்பு வந்தா கை பிரேக்குக்குப் போயிரும், தொட்டில் அந்தரத்துல நின்னுரும். மேல தொங்குறது மனுசங்க. அதனால வேலைல இருக்கும்போது எதையுமே நினைக்காமப் பழகிட்டேன்.’

‘இனிமேலாவது நினைங்க. சோறு திங்கிற நேரத்துல நினைங்க.’

நினைச்சாராம். பல்லக் கடிச்சுக்கிட்டு நினைச்சாராம், பாவம். ஒண்ணும் விழல. மாசிலாமணியக் கேட்டா, நினைக்கணும்னு நினைச்சா கிளம்பாது, தானா வரணும்னுட்டாரு. ஆக, இவருக்குத் தானா வரல. அப்படித்தான அர்த்தம்? நான் அவருகிட்ட எட்டு நாள் பேசல.

இதுக்கு நடுவுல கொழுந்தனுக்கு உப்புத்துறையில வேலை கிடைச்சு, வீட்டக் காலி பண்ணிட்டுக் கிளம்பிட்டாங்க. போற அன்னிக்கு தையலு என் கையப் புடிச்சுக்கிட்டு, ‘அக்கா, அங்க போனாலும் உங்க கோடு எனக்கு வரும்ல?’ன்னு கேட்டா. எவ்வளவு தைரியம் பாரு. ‘வரும் வரும்’னேன். எதிர்வீடு பூட்டிக் கிடந்துச்சு. நான் சன்னலுக்குப் போறத விடல. பூட்டுன வீட்டப் பாத்துக்கிட்டு நிப்பேன். இப்ப அவ என்ன குழம்பு வெச்சிருப்பா, உப்புக்காத்துல முடி கொட்டியிருக்குமா, பக்கத்து வீட்டுல எவளாவது இருக்காளா, அவளயும் அக்கான்னு கூப்புடுறாளா. இதெல்லாம் எனக்கு எதுக்கு? ஆனா நினைப்பு தானா வரும்.

முதல் மாசம் என் சாடியில ஒண்ணுமில்ல. ரெண்டாம் மாசம் ஒண்ணுமில்ல. மூணாம் மாசம் இருபத்தொம்போது நாளும் ஓடிருச்சு. மறுநாள் காலையில இறக்க வராங்க. கடைசி நாள் விடியக்காலம் நான் அந்தச் சாடிய இறக்கி வாசப்படியில ஒக்காந்து துடைச்சேன். வெந்நீர் வெச்சு, துணிய நனைச்சு, பொறந்த புள்ளையத் துடைக்கிற மாதிரி துடைச்சேன். போறது சுத்தமாப் போகட்டும்னு. எங்க வீட்டுக்காரரு வேலைக்குக் கிளம்புனவரு, சோத்து மூட்டையக் கையில வெச்சுக்கிட்டு ரொம்ப நேரம் என்னப் பாத்துக்கிட்டு நின்னுட்டுப் போயிட்டாரு.

உச்சிப்பொழுது இருக்கும். நான் உள்ள பாத்திரம் கழுவிக்கிட்டிருக்கேன். ‘ங்ஙீ’ன்னுச்சு.

எதிர்வீடுன்னு நினைச்சேன், அவ்வளவு பழக்கம். அப்புறம்தான் எதிர்வீட்டுல சாடியே இல்லேன்னு உறைச்சுச்சு. கைச் சாம்பலோட ஓடி வந்தேன். என் சாடியில நீலமா ஒரு கோடு, மறையப் போற நேரம். பாத்துட்டேன் தாயி. என் கண்ணால பாத்துட்டேன். மறுநாள் மாசிலாமணி வந்து எண்ணினாரு. ஒண்ணு. சாடி நின்னுருச்சு. நான் தலை வால் பாக்கச் சொன்னேன். வால் தெக்கு. இந்தக் கயிறு எறங்குற திசை. கீழ்நாட்டுத் திசை. அங்க எனக்கு யாரு இருக்கா? தையலுதான்!

எங்க வீட்டுக்காரரு, எண்ணின அன்னிக்குச் சாயங்காலம் வந்து சோத்துத் தட்டுக்கு முன்னாடி உக்காந்துக்கிட்டு, ‘மேஸ்திரி திட்டிட்டாரு’ன்னாரு. ‘நேத்து உச்சிப்பொழுதுல தொட்டில் அந்தரத்துல நின்னுருச்சு. கை பிரேக்குக்குப் போயிருச்சு.’

‘எதுக்குப் போச்சு?’

‘நேத்து காலையில நீ வாசப்படியில ஒக்காந்து சாடியத் தொடைச்சுக்கிட்டிருந்தியே. அது திடீர்னு கண்ணு முன்னாடி வந்துச்சு.’ கொஞ்ச நேரம் சோத்தப் பிசைஞ்சாரு. ‘வடிவு, அந்தக் கோடு... நானா இருக்கலாமோ? நடுக் கப்பியும் தெக்குத்தான.’

எனக்குச் சிரிப்பு வந்துருச்சு. ‘உங்களுக்கு அதெல்லாம் எங்க வரப் போகுது! மூணு மாசம் முக்கி முக்கிப் பாத்தீங்களே, வந்துச்சா? பேசாம சாப்புடுங்க’ன்னேன். அவரும் பேசாம சாப்புட்டாரு. ரசம் வேணுமான்னு கேட்டேன், வேண்டாம்னாரு. நல்ல மனுசன்தான், குத்தம் சொல்லக் கூடாது. ஆனா விவரம் பத்தாது.

அதுலருந்து எனக்குத் தூக்கமில்ல தாயி. தையலு என்னைய நினைச்சிருக்கா. மூணு மாசத்துல ஒரு தடவ. எதுக்கு நினைச்சா? என் சட்டி ஞாபகம் வந்துச்சா? யார்கிட்டயாவது என்னச் சொல்லிச் சிரிச்சாளா? ஊரு விட்டு ஊரு போனதும் அவளுக்கு எந்த அக்கா கிடைச்சா என்னைய விட? அதெல்லாம் கூடப் போகட்டும். நினைக்கத் தெரிஞ்சுதுல்ல, அப்புறம் எதுக்கு ஒண்ணோட நிறுத்தினா? நான் நாப்பத்தொண்ணு குடுத்தவ. இப்ப அம்பது கூடப் போயிருக்கும். அவ ஒண்ணோட நிறுத்துவாளா? அதைத்தான் நேர்ல கேக்கப் போறேன். ‘ஏன்டி ஒண்ணோட நிறுத்திட்ட?’ன்னு. வேற ஒரு வார்த்த பேச மாட்டேன். நேத்து முறுக்குச் சுட்டேன், ரெண்டு தூக்குல இருக்கு, அது அவளுக்கில்ல, புள்ளைகளுக்கு.

அங்க பாரு, நடுக் கப்பி வந்துருச்சு. அந்த நெட்டைத் தூணுக்குக் கீழ, கையில கப்பிக்குப் போடுற மசையோட நிக்கிறாரு பாரு, அவருதான் எங்க வீட்டுக்காரரு. ஏங்க! போயிட்டு வாரேன்! சோறு உறியில இருக்கு, மோரு பானைக்குள்ள இருக்கு! கேக்குதா? தலைய ஆட்டுறாரு. நான் போக வர மூணு நாளு தனியா இருக்கணும்ல, பாவம். காலையில கிளம்புறப்ப, ‘நீயே போகணுமா, ஒரு கடுதாசி போட்டாப் போதாதா’ன்னாரு. கடுதாசியில இதையெல்லாம் எப்படிக் கேக்குறது?

கை காட்டுறாரு பாரு. போதும், வேலையப் பாருங்க! இந்த மனுசன் ஏன் இப்படிப் பாத்துக்கிட்டே நிக்கிறாரு? புதுசாப் பாக்குற மாதிரி.

அய்யோ, என்னது? நின்னுருச்சா?

பயப்படாத, பயப்படாத தாயி. கம்பிய இறுக்கிப் புடிச்சுக்க, கீழ பாக்காத. ஒண்ணும் ஆகாது, இப்ப கிளம்பிரும். இந்த மனுசனுக்கு இப்பல்லாம் வேலைல கவனமே இல்ல. ஊருக்குத் திரும்புனதும் கேக்குறேன் பாரு. நீ சொல்லு, உப்புத்துறையில எறங்குனா தையலு வீட்டுக்கு எந்தப் பக்கம் போகணும்?